வேலை நேரத்தில் காணாமல் போகிறவர்கள்: ஓதார் இயோசெலியானியின் சினிமா

இசை நிகழ்ச்சி தொடங்கிவிட்டது. குழுவின் கடைசி வரிசையில், டிம்பனி முரசுகளுக்குப் பின்னால் நிற்க வேண்டியவனைக் காணவில்லை. முரசு ஒலிக்க வேண்டிய இடம் நெருங்க நெருங்க, இசை நடத்துநரின் கண்கள் அந்தக் காலி இடத்துக்கே போய்ப் போய் வருகின்றன. கடைசி நொடியில் ஒருவன் விரைந்து உள்ளே வருகிறான். கோல்களை எடுக்கிறான், அடிக்க வேண்டிய இடத்தில் பிசகாமல் அடிக்கிறான். நிகழ்ச்சிக்கு ஒரு குறையும் இல்லை. ஆனாலும் நிர்வாகத்துக்குப் புகார் போகிறது.

அவன் பெயர் கியா. படம் 'பாடும் கருங்குருவி ஒன்று இருந்தது' (1970). இயக்கியவர் ஜார்ஜியாவைச் சேர்ந்த ஓதார் இயோசெலியானி. கியாவின் மேல் என்ன குற்றம் சாட்டுவது என்பதுதான் நிர்வாகத்துக்குப் புரியாத சங்கதி. அவன் வேலைக்கு மட்டம் போடுவதில்லை. சம்பளம் வாங்கும் முரசடிகள் ஒன்றையும் பாக்கி வைப்பதில்லை. முதல் அடிக்கும் கடைசி அடிக்கும் நடுவே கிடக்கிற நேரத்தை அவன் என்ன செய்கிறான் என்பதுதான் அவர்கள் கண்ணை உறுத்துகிறது.

இயோசெலியானியின் படங்களுக்குச் சோவியத் அதிகாரிகள் கொடுத்த தொல்லையும் ஏறக்குறைய இதே வகைதான். கத்தரித்து எறிய அவற்றில் அரசியல் வசனம் கிடையாது. வசனமே குறைவு. கட்சியைக் கேலி செய்யும் பாத்திரம் இல்லை, துணிச்சலான முழக்கம் இல்லை. மனிதர்கள் பொழுதைக் கழிக்கும் விதம் மட்டும் இருந்தது. குடித்தார்கள், பாடினார்கள், ஊர் சுற்றினார்கள், நண்பர் வீட்டுப் பந்தியில் உட்கார்ந்து எழுந்திருக்க மறந்தார்கள். இதைப் போய்த் தடுத்தார்களே, என்ன மூடத்தனம் என்று பின்னாளில் பலரும் சிரித்தார்கள். அந்த அதிகாரிகள் மூடர்கள் அல்ல. 'கவித்துவம்', 'மென்மை' என்று புகழ்ந்து நகர்ந்த ரசிகர்கள் பலரைவிட அவர்கள் இந்தப் படங்களைச் சரியாகவே படித்தார்கள்.

இயோசெலியானி 1934 பிப்ரவரி 2 அன்று திபிலிசியில் பிறந்தார். அந்நகரத்தின் இசைப்பள்ளியில் பியானோவும் இசையமைப்பும் இசை நடத்துதலும் கற்றார். பிறகு மாஸ்கோ பல்கலைக்கழகத்தில் கணிதம். அந்தப் படிப்பு கடைசியில் ராணுவத்துக்குத்தான் பயன்படும் என்று தெரிந்ததால் விட்டுவிட்டதாக அவரே பின்னாளில் காரணம் சொன்னார். 1950-களின் நடுவில் மாஸ்கோ திரைப்படக் கல்லூரியான வி.ஜி.ஐ.கே.யில் சேர்ந்தபோது அங்கே அவருக்கு வாய்த்த ஆசிரியர், 'பூமி' படத்தை எடுத்த உக்ரேனிய மேதை அலெக்சாந்தர் தோவ்ஷெங்கோ. அந்த வாய்ப்பு நீடிக்கவில்லை; 1956 நவம்பரில் தோவ்ஷெங்கோ இறந்துபோனார். இசையும் கணிதமும் வீணாகவில்லை. ஒரே நேரத்தில் பத்துப் பேர் பத்துத் திசையில் நகரும் காட்சியை ஒழுங்கு கெடாமல் அமைக்கும் கை, இந்த இரண்டு படிப்பிலும் பழகியதாகத்தான் இருக்க வேண்டும்.

பட்டம் பெற்ற கையோடு எடுத்த நடுத்தர நீளப் படம் 'ஏப்ரல்'. இளங்காதலர்களுக்குப் புதுக் குடியிருப்பில் ஒரு வீடு கிடைக்கிறது. உள்ளே ஒரு நாற்காலிகூட இல்லை. அவர்கள் முத்தமிட்டுக்கொண்டால் விளக்கு தானாக எரிகிறது, குழாயில் தண்ணீர் வருகிறது. பிறகு ஒவ்வொன்றாகத் தட்டுமுட்டுச் சாமான்கள் வந்து சேர்கின்றன. அலமாரி, மேசை, கண்ணாடிப் பாத்திரங்கள், கதவுக்குப் பூட்டு, கூடவே சண்டை. அந்தச் சண்டையும் நமக்குப் புரியும் மொழியில் இல்லை, வெறும் கூச்சல். முடிவில் சாமான்கள் ஜன்னல் வழியே வெளியே பறக்கின்றன. நாடெங்கும் புதுக் குடியிருப்புகளைக் கட்டிக் கொடுத்து, அதைச் சாதனையாகச் சொல்லிக்கொண்டிருந்த க்ருஷ்சேவ் காலம் அது. வீடும் அலமாரியும் வந்ததால் ஒரு காதல் கெட்டது என்று சொல்லும் படத்தை எந்த இலாகா வெளியிடும்? வடிவச் சோதனை எல்லை மீறிவிட்டது என்று சொல்லி நிறுத்திவைத்தார்கள். 1970-களில்தான் அது மக்கள் பார்வைக்கு வந்தது.

இயோசெலியானி சினிமாவை விட்டார். மீன்பிடிக் கப்பலில் மாலுமியாக வேலை பார்த்தார். திபிலிசிக்கு அருகிலுள்ள ருஸ்தாவி இரும்பாலையில் தொழிலாளியாக இருந்தார். அந்த ஆலையைப் பற்றியே 1964-இல் 'வார்ப்பிரும்பு' என்று ஒரு சிறிய ஆவணப்படமும் எடுத்தார். சோவியத் ஆவணப்படங்களில் உருகிய இரும்புக்கும் தீப்பொறிக்கும் பஞ்சமே இருந்ததில்லை. இதில் வித்தியாசம், உலைக்கு முன்னால் நிற்பவனின் வியர்வையோடு அவன் இளைப்பாறும் நேரமும் கணக்கில் வருகிறது. அவனுக்கு வீரன் வேடம் கட்டப்படவில்லை.

1966-இல் முதல் முழுநீளப் படம். ஜார்ஜிய மொழியில் 'கியோர்கோபிஸ்த்வே'; வெளியுலகுக்கு 'உதிரும் இலைகள்'. தொடக்கத்தில் சில நிமிடங்களுக்குக் கதையே கிடையாது. கிராமத்தில் திராட்சை அறுவடை நடக்கிறது. கூடை கூடையாகப் பழம் வருகிறது, தொட்டியில் போட்டு மிதிக்கிறார்கள். மண்ணில் கழுத்துவரை புதைத்த 'க்வெவ்ரி' என்னும் பெரிய மண்தாழிக்குள் சாறு இறங்குகிறது. பிறகு பந்தி, பல குரல் சேர்ந்த பாட்டு. இந்தத் தாழிமுறையை யுனெஸ்கோ 2013-இல் மனிதகுலத்தின் அருவப் பண்பாட்டு மரபுப் பட்டியலில் சேர்த்தது. இயோசெலியானியின் கேமரா அதற்கு ஏறக்குறைய அரை நூற்றாண்டுக்கு முன்பே அங்கே போய் நின்றுவிட்டது. அவர் அதை அருங்காட்சியகப் பொருளாகவும் காட்டவில்லை. வேலை எங்கே முடிகிறது, விருந்து எங்கே தொடங்குகிறது என்று கோடு கிழிக்க முடியாத ஒரே செயலாக அது திரையில் ஓடுகிறது.

அடுத்து நகரம், அரசு ஒயின் ஆலை. நிகோ என்ற கூச்ச சுபாவமுள்ள இளைஞன் அங்கே தொழில்நுட்ப அலுவலராகச் சேர்கிறான். கூடவே சேர்ந்த நண்பன் ஓதார், மேலிடத்துக்கு எது பிடிக்கும் என்று தெரிந்த விவரமானவன். (இயக்குநர் தம் பெயரை இவனுக்கு வைத்தது தற்செயலா, குறும்பா? குறும்பு என்றே கொள்ளலாம்.) ஒரு பீப்பாயில் ஒயின் இன்னும் பக்குவப்படவில்லை. திட்ட இலக்கை எட்டியாக வேண்டும், ஆகவே புட்டியில் அடை என்கிறது நிர்வாகம். அது நல்ல ஒயின் அல்ல என்பது ஆலையில் எல்லோருக்கும் தெரியும். கையெழுத்துப் போட மறுப்பவன் நிகோ மட்டும்தான். அவன் சொற்பொழிவு ஆற்றுவதில்லை, யாரையும் அம்பலப்படுத்துவதில்லை. பீப்பாய்க்குள் ஜெலட்டினைக் கொட்டிவிடுகிறான். இனி அது தெளியும்வரை காத்திருந்தே ஆக வேண்டும், திட்டம் தலைகீழாக நின்றாலும். பெரிய புரட்சி ஒன்றும் இல்லை, ஒயினுக்குச் சில நாள் அவகாசம் வாங்கிக் கொடுத்தான், அவ்வளவுதான். ஆனால் ஐந்தாண்டுத் திட்டத்தின் உயிர்நாடியே அந்தச் சில நாட்களில்தான் இருந்தது.

படம் 1968-இல் கேன் திரைப்பட விழாவின் விமர்சகர் வாரத்தில் திரையிடப்பட்டு, சர்வதேசத் திரை விமர்சகர் கூட்டமைப்பின் விருதைப் பெற்றது. பாரிஸ் வீதிப் போராட்டங்களின் அதிர்வில் கேன் விழாவே பாதியில் நிறுத்தப்பட்ட வருடம் அது.

கியாவின் கதைக்கு வருவோம். அவன் ஒரு நாளில் செய்வதை எல்லாம் எழுதினால் பட்டியல் நீளும். தெரிந்தவர் வீட்டுக்குப் போகிறான், பாதியில் எழுந்து வருகிறான். ஒரு பெண்ணுக்கு வாக்குக் கொடுத்துவிட்டு வழியில் இன்னொருத்தியைப் பார்த்து நின்றுவிடுகிறான். யாருக்கோ உதவுகிறான், யாரையோ மறக்கிறான். மனத்துக்குள் ஒரு மெட்டு ஓடுகிறது. எழுதலாமென்று தாளை எடுத்தால் யாராவது கூப்பிடுகிறார்கள். அதை அவன் எழுதி முடிப்பதே இல்லை. இந்த வேடத்தில் வந்தவர் தொழில்முறை நடிகர் அல்ல. கேலா காந்தேலாகி, பின்னாளில் தாமே இயக்குநரானவர். அதனால்தானோ என்னவோ கியாவின் நடையில் ஒரு நடிப்பும் இல்லை. தாமதமாகிவிட்டது என்று தெரிந்தும் புன்னகைக்கிறவனின் நடை அது.

இந்தப் படத்தின் காலப் பின்னணியில் ஒரு சட்டம் இருக்கிறது. 1961 மே மாதம் ரஷ்யக் குடியரசு பிறப்பித்த ஆணை, சமூகத்துக்குப் பயனுள்ள உழைப்பைத் தட்டிக்கழிப்பவர்களை 'ஒட்டுண்ணிகள்' என்று தண்டிக்க வழிசெய்தது. கவிஞர் யோசிஃப் ப்ராட்ஸ்கி 1964-இல் லெனின்கிராடில் விசாரிக்கப்பட்டது இந்தக் குற்றச்சாட்டின் பேரில்தான். ஊரைவிட்டு ஐந்தாண்டு வெளியேற்றமும் கட்டாய உழைப்பும் தண்டனையாகக் கிடைத்தன. உழைக்காமல் இருப்பது அந்த நாட்டில் குணக்கேட்டோடு நிற்கவில்லை, வழக்கு எண் உள்ள குற்றமாக இருந்தது. கியாவை அந்தச் சட்டத்தாலும் பிடிக்க முடியாது. அவன் பெயர் சம்பளப் பட்டியலில் இருக்கிறது, முரசும் ஒலிக்கிறது. சட்டத்தின் விளிம்பில் அவன் ஒற்றைக்காலில் நின்று கையசைக்கிறான்.

கியா சாலையில் ஒரு பெண்ணைத் திரும்பிப் பார்த்த கணத்தில் வண்டி மோதுகிறது. மெட்டு எழுதப்படாமலே போகிறது. வாழ்க்கையை வீணடித்தவனுக்கு இதுதான் கதி என்று இதைப் படித்தால் பள்ளிப் பாடநூலில்கூடச் சேர்த்துவிடலாம். ஆனால் அதற்கு முன்பு கடிகாரம் பழுதுபார்க்கும் நண்பனின் கடையில் கியா சுவரில் ஒரு கொக்கியைப் பொருத்தியிருக்கிறான், தொப்பி மாட்ட வசதியாக. அவன் போன பிறகு அந்த நண்பன் வழக்கம்போல் வந்து அதில் தொப்பியை மாட்டிவிட்டு வேலையில் உட்காருகிறான். ஒரு மனிதன் விட்டுச்சென்றது ஒரு கொக்கி என்றால் அது அற்பமா, போதுமானதா? படம் எந்தப் பக்கமும் சாய மறுக்கிறது. இயோசெலியானியின் ஆகச் சிறந்த படம் இதுதான் என்று சொல்ல வைப்பது அந்த மறுப்பு.

அடுத்த படம் 'கிராமிய கீதம்', 1970-களின் நடுவில் எடுக்கப்பட்டது. திபிலிசியிலிருந்து தந்தி வாத்தியக் கலைஞர்கள் சிலர் ஒத்திகைக்காக மேற்கு ஜார்ஜியக் கிராமத்துக்கு வந்து ஒரு வீட்டில் தங்குகிறார்கள். அவர்கள் வாசிக்கிறார்கள், அக்கம்பக்கத்தில் வேலிச் சண்டை நடக்கிறது, அந்த வீட்டுப் பெண் ஜன்னலோரம் நின்று கேட்கிறாள். பிறகு அவர்கள் போய்விடுகிறார்கள். இவ்வளவுதான் படம். இதையும் சில ஆண்டுகள் அலமாரியில் வைத்து, பிறகு பேருக்குச் சில அரங்குகளில் வெளியிட்டார்கள். 1982-இல் பெர்லின் விழாவில் விமர்சகர் விருது கிடைத்தது. அந்த ஆண்டே இயோசெலியானி பிரான்ஸுக்குப் போனார். வயது நாற்பத்தெட்டு. முழுநீளக் கதைப்படமாக அதுவரை எடுத்தவை மூன்று.

அவர் போன சிறிது காலத்தில் திபிலிசியில் தெங்கிஸ் அபுலாத்ஸே 'பாவமன்னிப்பு' படத்தை எடுத்தார். சர்வாதிகாரியின் பிணத்தை ஒரு பெண் திரும்பத் திரும்பத் தோண்டி எடுக்கும் கதை. 1987-இல் வெளிவந்து சோவியத் ஒன்றியத்தையே உலுக்கியது. ஸ்டாலின் காலத்தின் மீது நேரடியாகக் கைவைத்த அந்தப் படத்துக்கு, கோர்பச்சேவின் சீர்திருத்தக் கொள்கையான பெரெஸ்த்ரோய்கா ஒரு பதில் வைத்திருந்தது: ஆம், கொடுமை நடந்தது, மன்னிப்புக் கேட்போம். இயோசெலியானியின் முரசுக்காரனுக்கு எந்தச் சீர்திருத்தமும் பதில் தர முடியாது. எதற்காக இவ்வளவு அவசரம் என்று அவன் கேட்டால், கோர்பச்சேவிடமும் விடை இல்லை.

பாரிஸிலும் விடை இல்லை என்பதை இயோசெலியானி அங்கே எடுத்த முதல் படத்திலேயே கண்டுகொண்டார். 'நிலவின் செல்லப்பிள்ளைகள்' (1984) படத்தில் பதினெட்டாம் நூற்றாண்டுப் பீங்கான் தட்டுகளும் ஒரு பழைய நிர்வாண ஓவியமும் கைமாறிக்கொண்டே போகின்றன. திருடர், வியாபாரி, போலீஸ் அதிகாரி, ஆயுதத் தரகர் எனப் பலர் கையில். ஒவ்வொரு திருட்டிலும் ஓவியத்தைச் சட்டத்திலிருந்து கத்தியால் அறுத்து எடுப்பதால் அது சிறுத்துக்கொண்டே வருகிறது. சொத்து என்பதைப் பற்றி இதைவிடச் சிக்கனமாக ஒரு நகைச்சுவை சொல்ல முடியுமா தெரியவில்லை. வெனிஸ் திரைப்பட விழாவில் நடுவர் குழுவின் சிறப்புப் பரிசு. அதே விழாவில் அதே மரியாதை 1989-இல் 'பிறகு ஒளி உண்டாயிற்று' படத்துக்கும், 1996-இல் 'கொள்ளையர்கள், ஏழாம் அத்தியாயம்' படத்துக்கும் கிடைத்தது.

இதில் 1989-ஆம் ஆண்டுப் படம் தனியாகப் பேச வேண்டியது. செனகல் நாட்டின் தெற்கே தியோலா மக்களின் காட்டுக் கிராமம். அவர்கள் பேசுவதற்குப் பெரும்பாலும் வசன மொழிபெயர்ப்பே இல்லை. தலை துண்டிக்கப்பட்டவனுக்குத் தலையைத் திரும்பப் பொருத்தி எழுப்பிவிடுகிறார்கள், அதுவும் அன்றாட வேலைபோல. மரம் வெட்டும் லாரிகள் வருகின்றன, காடு போகிறது, ஊர் போகிறது, கடைசியில் அந்த ஊரின் தெய்வ உருவங்களே நகரத்தில் விற்பனைக்கு வருகின்றன. ஐரோப்பியன் ஒருவன் ஆப்பிரிக்காவைப் பொற்காலமாக்கிக் காட்டும் ஆபத்து இதில் இருக்கிறது. இயோசெலியானி அதில் முழுவதும் தப்பிவிட்டார் என்று சொல்ல முடியாது. ஆனால் அவர் அங்கே தேடிப் போனது ஆப்பிரிக்காவை அல்ல, தாம் விட்டு வந்த ஜார்ஜியாவை என்று வைத்துக்கொண்டால் படம் வேறு மாதிரி தெரிகிறது.

அவர் படம் எடுத்த முறையைக் கொஞ்சம் பார்க்கலாம். திரைக்கதை என்று தட்டச்சு செய்த வசனக் கட்டு அவருக்கு முக்கியமே அல்ல. காட்சிகளை ஒவ்வொன்றாகப் படமாக வரைவார். யார் எந்தக் கதவில் நுழைகிறார், எந்தப் பொருளை யாரிடம் கொடுக்கிறார், கேமரா எவரைப் பின்தொடர்ந்து போய் எவரிடம் கைமாறுகிறது என்பது எல்லாம் படப்பிடிப்புக்கு முன்பே காகிதத்தில் முடிந்துவிடும். முகத்தை நெருங்கும் அண்மைக்காட்சி அவருக்கு ஆகாது. நட்சத்திரங்களும் வேண்டாம். நண்பர்கள், தயாரிப்பாளர்கள், ஓவியர்கள், வழியில் கண்ட முகங்கள் இவர்களே நடிகர்கள். 2002-இல் வந்த 'திங்கட்கிழமை காலை' படத்தின் நாயகன் ஜாக் பிதூ, அடிப்படையில் தயாரிப்பாளர். 2006-இன் 'இலையுதிர்காலத் தோட்டங்கள்' படத்தில் பதவியிழந்த அமைச்சராக வந்த செவெரன் ப்ளான்ஷே, ஆவணப்பட ஆசிரியர். 2010-இல் காபூலில் நடந்த தாக்குதலில் கொல்லப்பட்டார். அதே படத்தில் பெரிய நடிகர் ஒருவர் வந்தார், மிஷேல் பிக்கோலி. அவருக்குக் கொடுத்தது அமைச்சரின் வயதான தாய் வேடம்!

வசனம் அவருக்கு ஒலிகளில் ஒன்று, கதவுச் சத்தம்போல, நாய்க்குரைப்புபோல. ழாக் தாதியோடு அவரை விமர்சகர்கள் ஒப்பிடுவது இதனால்தான். ஆனால் தாதியின் உலகில் யாரும் குடித்துவிட்டு மூன்று குரலில் பாடுவதில்லை. ஜார்ஜிய விருந்தில் 'தமதா' என்று ஒருவர் இருப்பார். எப்போது கோப்பையை உயர்த்துவது, யாரை நினைத்துக் குடிப்பது, எப்போது பாடுவது என்று பந்தியை நடத்துபவர் அவர். இயோசெலியானி சினிமாவில் செய்ததும் அந்த வேலையை ஒத்ததே. தளர்வாகத் தெரியும் எதுவும் அங்கே தற்செயல் இல்லை.

'திங்கட்கிழமை காலை'யில் ரசாயன ஆலைத் தொழிலாளர்கள் வாசலில் சிகரெட்டை அணைத்துவிட்டு உள்ளே போகிறார்கள். உள்ளே புகைக்கத் தடை. ஆலையோ ஊருக்கே புகையை வழங்கிக்கொண்டிருக்கிறது. வின்சென்ட் என்னும் வெல்டர் ஒரு நாள் வாசலில் திரும்பி, உள்ளே போகாமல் வெனிஸுக்குப் போய்விடுகிறான். பெர்லினில் சிறந்த இயக்குநருக்கான வெள்ளிக் கரடி இதற்குத்தான் வந்தது. ருஸ்தாவி ஆலையையும் இந்த ஆலையையும் அடுத்தடுத்துப் பார்த்தால், இரண்டிலும் ஒரே சங்கு ஊதுவது கேட்கிறது. சோவியத் அதிகாரி கையெழுத்துக் கேட்டார், பிரெஞ்சு முதலாளி வருகைப் பதிவு கேட்கிறார். இயோசெலியானியை வெறும் சோவியத் எதிர்ப்பாளர் வரிசையில் வைத்தவர்களுக்குப் பிந்தைய படங்கள் சங்கடமாக இருந்ததில் வியப்பில்லை.

ஒரு கேள்வியை அவர் படங்கள் கேட்டுக்கொள்ளவே இல்லை. வின்சென்ட் வெனிஸில் புது நண்பர்களோடு கூரைமேல் நின்று நகரத்தைப் பார்க்கும்போது வீட்டில் பிள்ளைகளையும் கணக்குவழக்கையும் பார்ப்பவள் மனைவி. கியா வரும்வரை காத்திருப்பவள் அவன் தாய். 1999-இன் 'போய்வருகிறேன், தரையே' படத்தில் தந்தையாக இயோசெலியானியே நடித்தார். அறைக்குள் பொம்மை ரயிலும் மதுப்புட்டியுமாகக் கிடக்கும் மனிதர். மனைவி ஹெலிகாப்டரில் பறந்து வியாபாரம் பார்க்கிறாள். படம் அவளைக் கிண்டல் செய்கிறது, அவரைக் கொஞ்சுகிறது. முடிவில் அவர் நாடோடி நண்பனோடு படகேறிப் போய்விடுகிறார். அந்த ஆண்டின் லூயி தெல்லூக் பரிசு பெற்ற அழகான படம், சந்தேகமில்லை. ஆனால் இந்த உலகில் ஓய்வு ஆண்களுடையது. பந்தி எழுந்த பிறகு தட்டுகளை எடுப்பவர்கள் பெண்கள். 'பட்டாம்பூச்சி வேட்டை' (1992) ஒன்றுதான் உறுதியான விலக்கு. பழைய மாளிகையில் வாழும் முதிய பெண்களின் படம் அது. அவர்களுடைய சோம்பலுக்கு இயக்குநர் முழு மரியாதை கொடுத்தார், மாளிகை ஜப்பானியர் கைக்குப் போகும்வரை.

தாய்நாட்டில் உள்நாட்டுப் போர் மூண்டபோது அவர் நகைச்சுவையை ஓரம் வைத்தார். 1994-இல் பிரெஞ்சுத் தொலைக்காட்சிக்காக 'தனித்த ஜார்ஜியா' என்று ஏறக்குறைய நான்கு மணி நேர ஆவணப்படம் எடுத்தார். இரண்டாண்டு கழித்து வந்த 'கொள்ளையர்கள்' அந்தக் கசப்பின் கதை வடிவம். இடைக்கால அரசன், ஸ்டாலின் காலத்துக் கட்சி அதிகாரி, இன்றைய நாடோடி மூவருக்கும் ஒரே முகம், அமிரான் அமிரானாஷ்விலி. சித்திரவதைக் கருவிகள் மட்டும் காலத்துக்கேற்ப மாறுகின்றன. மகிழ்ச்சியாகக் குடிப்பவர்களைப் பற்றிய இயக்குநர் என்று அவரைச் சுருக்குபவர்கள் இந்தப் படத்தைப் பார்த்திருக்க மாட்டார்கள்.

2010-இன் 'ஷாந்த்ரபா' கிட்டத்தட்ட சொந்தக் கதை. ஜார்ஜிய இளம் இயக்குநரின் படத்தை ஊரில் அதிகாரிகள் தடுக்கிறார்கள். பாரிஸுக்குப் போனால் தயாரிப்பாளர்கள் படத்தொகுப்பு அறையில் வந்து உட்காருகிறார்கள். கருத்து கூர்மையானது, படம் அவ்வளவு கூர்மையல்ல. பழைய வேடிக்கைகள் திரும்ப வருகின்றன. 2015-இல் லொகார்னோவில் திரையிட்ட 'குளிர்காலப் பாடல்' கடைசிப் படம். கில்லட்டினுக்குப் போகும் பிரபு வாயில் புகைக்குழாயோடு போகிறார். இன்றைய பாரிஸில் ஒரு வாயிற்காப்பாளர் புத்தகங்களையும் ஆயுதங்களையும் பண்டமாற்று செய்கிறார். தனித்தனித் துணுக்குகளாகச் சிரிக்க வைக்கிறது, மொத்தமாகச் சேர மறுக்கிறது. 2023 டிசம்பர் 17 அன்று இயோசெலியானி திபிலிசியில் இறந்தார்.

புதிதாகப் பார்க்கிறவர்கள் பரிசு வாங்கிய பிரெஞ்சுப் படங்களிலிருந்து தொடங்குவதே வழக்கமாக இருக்கிறது, கிடைப்பது எளிது என்பதால். 'உதிரும் இலைக'ளிலிருந்து தொடங்குவது நல்லது. வெனிஸுக்கு ஓடிப்போகும் வெல்டர் எதை இழந்தவன் என்பது அந்த முதல் சில நிமிடத் திராட்சை அறுவடையில் இருக்கிறது. அதைப் பார்க்காதவருக்கு, பிந்தைய படங்களில் வரும் குடிகாரர்கள் வெறும் குடிகாரர்களாகத்தான் தெரிவார்கள்.